ஜெமினியிலிருந்து உம்பர்காவ் வரை: ராமானந்த் சாகரின் நிதானம்

1959இல் வெளிவந்த ‘பைகாம்’ என்ற இந்திப் படத்தைத் தயாரித்து இயக்கியவர் நம் ஜெமினி எஸ்.எஸ்.வாசன். ஆலைத் தொழிலாளர்களின் கதை. அடுத்த ஆண்டே அது சிவாஜி நடிக்க ‘இரும்புத் திரை’ என்று தமிழில் வந்தது. இந்திப் படத்துக்கு வசனம் எழுதியவர், லாகூர் பக்கத்திலிருந்து பிரிவினைக் காலத்தில் பம்பாய் வந்து சேர்ந்த ஓர் உருது எழுத்தாளர். அந்த வசனத்துக்கு அவருக்குப் பிலிம்பேர் விருது கிடைத்தது. வாசன் அதோடு விடவில்லை. 1960இல் ‘கூங்கட்’, 1964இல் ‘ஜிந்தகி’ என்று இரண்டு படங்களை இயக்கும் பொறுப்பை அவரிடம் கொடுத்தார். ‘ஜிந்தகி’யின் கதைதான் 1965இல் ஜெமினி கணேசனும் தேவிகாவும் நடித்த ‘வாழ்க்கைப் படகு’.

அந்த எழுத்தாளரின் பெயர் ராமானந்த் சாகர். இருபத்திரண்டு ஆண்டுகள் கழித்து, எழுபது வயதை நெருங்கிக்கொண்டிருந்தபோது, நாடு முழுவதையும் ஞாயிறு காலை ஒன்பதரை மணிக்கு ஒரு பெட்டியின் முன் உட்கார வைத்தார். ‘ராமாயண்’ தொடரைப் பற்றிப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் பக்தியையோ அரசியலையோதான் பேசுகிறார்கள். இரண்டும் பேச வேண்டியவைதான். ஆனால் அதை எடுத்தவரின் தொழில் வாழ்க்கையை யாரும் பொறுமையாகத் திரும்பிப் பார்ப்பதில்லை. பார்த்தால், அந்தத் தொடரின் பெருங்குறையாக அன்று சொல்லப்பட்ட மந்த கதிதான் அவர் ஐம்பது ஆண்டுகளாகக் கற்றுக்கொண்ட தொழில் என்பது தெரியவரும்.

முதலில் அவர் எங்கிருந்து வந்தார் என்று சொல்லிவிடுகிறேன். 1917 டிசம்பர் 29 அன்று லாகூர் அருகே அசல் குரு என்ற ஊரில் பிறந்தார். வைத்த பெயர் சந்திரமௌலி சோப்ரா. ஆண் பிள்ளையில்லாத தாய்வழிப் பாட்டி தத்தெடுத்தபோது ராமானந்த் ஆனார். பியூன், லாரி கிளீனர், சோப்பு விற்பனை, தங்க வேலை செய்பவரிடம் எடுபிடி என்று பகலில் கிடைத்ததையெல்லாம் செய்துகொண்டு இரவில் படித்தார். 1942இல் பஞ்சாப் பல்கலைக்கழகத்தில் சமஸ்கிருதத்திலும் பாரசீகத்திலும் தங்கப் பதக்கம் வாங்கினார். இந்த இரட்டைப் படிப்பு முக்கியமானது. பிற்காலத்தில் அவரை ஒரே நிறத்தில் வரைகிறவர்கள் மறந்துவிடும் விஷயம் இது.

அதே காலத்தில்தான் அவருக்குக் காசநோய் கண்டது. அன்று காசநோய் என்றால் கிட்டத்தட்ட மரண தண்டனை. படுக்கையில் கிடந்தபடி ‘ஒரு காசநோயாளியின் நாட்குறிப்பு’ என்று பத்தி எழுத ஆரம்பித்தார். லாகூரிலிருந்து வந்த ‘அதப்-ஏ-மஷ்ரிக்’ என்ற உருது இதழ் அதைத் தொடராக வெளியிட்டது. அந்த வாசகனின் இடத்தில் என்னை வைத்துப் பார்க்கிறேன். அடுத்த இதழில் இந்த மனிதன் உயிரோடு இருப்பானா? அதைத் தெரிந்துகொள்ள அடுத்த இதழ் வரும்வரை காத்திருக்க வேண்டும். தொடர்கதை என்பது எதனால் ஆனது என்பதை அவர் தன் நுரையீரலைக் கொண்டே கற்றார் என்று நினைக்கிறேன். பின்னாளில் தொலைக்காட்சியில் ஒரு வாரத்திலிருந்து அடுத்த வாரத்துக்குப் பார்வையாளரைக் கைப்பிடித்துக் கூட்டிப்போன மனிதர் முதலில் பழகிய வடிவம் இதுதான்.

1947 அவரைப் பிடுங்கி எறிந்தது. வந்து சேர்ந்த கையோடு, பிரிவினை வெறியாட்டத்தைப் பற்றி ‘அவுர் இன்சான் மர் கயா’ என்று ஒரு நாவல் எழுதினார். ‘மனிதன் செத்துப்போனான்’ என்று பொருள். பிரிவினையைப் பற்றி வந்த ஆரம்ப கால நாவல்களில் அதுவும் ஒன்று. பம்பாயில் பிருத்விராஜ் கபூரின் நாடகக் குழுவில் வேலை கிடைத்தது. அவர் மகன் ராஜ் கபூரின் ‘பர்சாத்’ படத்துக்கு எழுதினார். 1949இல் வந்த அந்தப் படத்தின் வெற்றி அவரை நிலைநிறுத்தியது. பிறகு சொந்தப் பட நிறுவனம், அதன் பிறகு ஜெமினி. ‘ஆர்ஸூ’வும் (1965) ‘ஆங்கே’னும் (1968) பெரிய வெற்றிகள். ‘ஆங்கே’னுக்காகச் சிறந்த இயக்குநருக்கான பிலிம்பேர் விருது. எழுபதுகளில் காலம் மாறியது. அவர் படங்களும் முன்போல ஓடவில்லை. அதைப் பற்றி அதிகம் சொல்வதற்கில்லை.

ஜெமினி காலத்துக்கு மட்டும் ஒரு நிமிடம் திரும்ப வேண்டும். ‘கூங்கட்’ ரயில் விபத்தில் மணப்பெண்கள் மாறிப்போகும் கதை. ‘ஜிந்தகி’ மனைவியின் கற்பைச் சந்தேகிக்கும் கணவனின் கதை. இரண்டிலும் கதையை நகர்த்துவது சம்பவங்களைவிட, சம்பவத்துக்குப் பிறகு வீட்டிலிருக்கும் ஒவ்வொருவர் முகத்திலும் விழும் நிழல்தான். அடி விழுந்ததும் அம்மா முகம், அப்பா முகம், வாசலில் நிற்கும் வேலைக்காரர் முகம். நம் குடும்பப் படங்களில் ஊறியவர்களுக்கு இந்த இலக்கணம் அத்துப்படி. வாசனின் நிறுவனத்தில் சாகர் அதில் நன்றாகவே கை தேர்ந்தார். ‘ஜிந்தகி’யின் அந்தச் சந்தேகப்படும் கணவனை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். அவன் மறுபடி வருவான்.

1976இல் ‘சரஸ்’ படப்பிடிப்புக்காக ஐரோப்பா போயிருந்தபோது ஒரு கஃபேயில் முதன்முதலாக வண்ணத் தொலைக்காட்சியைப் பார்த்தாராம். இனி சினிமா வேண்டாம், இந்தப் பெட்டியில் ராமனையும் கிருஷ்ணனையும் காட்டப்போகிறேன் என்று அங்கேயே முடிவெடுத்தாராம். இதைச் சொல்வது அவர் மகன் பிரேம் சாகர். குடும்பம் சொல்லும் கதை என்பதால் கொஞ்சம் மெருகு ஏறியிருக்கலாம். ஆனால் பிறகு நடந்தது அதற்குப் பொருந்தியே வருகிறது. பணம் போட யாரும் முன்வரவில்லை. கிரீடமும் மீசையும் ஒட்டிக்கொண்டு வருகிறவர்களை யார் வீட்டில் உட்கார்ந்து பார்ப்பார்கள் என்பது சினிமாக்காரர்களின் கேள்வி.

அன்றைய நிலைமையையும் சொல்ல வேண்டும். இந்தியாவில் தொலைக்காட்சி 1959 செப்டம்பரில் டெல்லியில் சோதனையாகத் தொடங்கியது. சென்னைக்கு 1975இல்தான் வந்தது. வண்ணம் வந்தது 1982 ஆகஸ்ட் 15 அன்று, ஆசிய விளையாட்டுப் போட்டியை ஒட்டி. அதுவரை தூர்தர்ஷன் என்றால் வயலும் வாழ்வும், செய்தியும், வாரம் ஒரு படமும், ஒலியும் ஒளியும்தான். 1984 ஜூலையில் ‘ஹம் லோக்’ என்ற இந்தித் தொடர் தொடங்கியபோது ஒரு புதிய பண ஏற்பாடும் சேர்ந்து வந்தது. தயாரிப்பாளர் தன் செலவில் தொடரை எடுத்துக் கொடுக்க வேண்டும். ஒளிபரப்பு நேரத்துக்குத் தூர்தர்ஷனுக்குக் கட்டணம் கட்ட வேண்டும். அந்த நேரத்தில் விளம்பரங்களைப் போட விளம்பரதாரரைப் பிடித்துக்கொள்ளலாம். இதற்குப் பெயர் ஸ்பான்சர்டு நிகழ்ச்சி. தோற்றால் தயாரிப்பாளர் தலையில் துண்டு, வென்றால் அவர் பையில் பணம். இன்று நம் சேனல்களில் தயாரிப்பாளர்கள் ‘ஸ்லாட்’ வாங்குவது என்று பேசிக்கொள்கிறார்களே, அந்தப் பேச்சின் வேர் இங்கேதான் இருக்கிறது.

‘ஹம் லோக்’குக்குப் பின்னால் நின்ற தகவல் ஒலிபரப்புத் துறை அதிகாரி எஸ்.எஸ்.கில்தான் இதிகாசங்களைத் தொடராக எடுக்கலாம் என்ற யோசனையையும் முன்னால் தள்ளியவர். ஆனாலும் அரசாங்கத் தொலைக்காட்சியில் ஒரு மதத்தின் காவியமா என்ற தயக்கம் துறைக்குள்ளேயே இருந்தது. அந்த இடைவெளியில் சாகர் ஒரு காரியம் செய்தார். 1985இல் ‘விக்ரம் அவுர் பேதாள்’ எடுத்தார். நம் பிள்ளைகள் சிறுவர் இதழ்களில் படித்து வளர்ந்த அதே விக்கிரமாதித்தனும் வேதாளமும். முருங்கை மரம், தோளில் பிணம், கேள்வி, மௌனம் கலைந்ததும் மறுபடி மரம். ஒரு வாரத்துக்கு ஒரு கதை. விக்கிரமனாக அருண் கோவில் நடித்தார். தீபிகா சிக்லியாவும் சுனில் லஹ்ரியும் அதன் கதைகளில் வந்தார்கள். இரண்டு ஆண்டுகள் கழித்து இந்த மூவரும் ராமன், சீதை, லட்சுமணன் ஆனார்கள்.

என் கணிப்பில் அந்தத் தொடர் ஓர் ஒத்திகை. நடிகர்களுக்கு ஒத்திகை, கண்கட்டு வித்தைக் காட்சிகளுக்கு ஒத்திகை, கிரீடமும் மீசையும் சின்னத்திரையில் எடுபடுமா என்ற கேள்விக்கும் ஒத்திகை. எடுபட்டது.

குஜராத்–மகாராஷ்டிர எல்லையில், கடலோரத்தில் உம்பர்காவ் என்று ஓர் ஊர். பம்பாயின் வாடகைத் தளங்களை விட்டுவிட்டு அங்கே அரங்குகளைப் போட்டார் சாகர். அயோத்தி, மிதிலை, லங்கை எல்லாம் அந்த ஊரிலேயே எழுந்தன. நடிகர்களும் தொழில்நுட்பக் கலைஞர்களும் அங்கேயே தங்கினார்கள். தொடர் கொட்டிக்கொடுக்கும் என்று யாருக்கும் தெரியாத நேரத்தில் செய்த ஏற்பாடு இது. தயாரிப்பாளராக அவர் எடுத்த மிகப் பெரிய துணிச்சல் என்று இதைத்தான் சொல்வேன். வாரா வாரம் ஒரு பகுதி கொடுத்தே ஆக வேண்டும் என்றால், தச்சரும் தையல்காரரும் ஒப்பனைக்காரரும் கூப்பிடு தூரத்தில் இருக்க வேண்டும். இயக்கத்தில் ஆனந்த் சாகர், மோதி சாகர் என்ற மகன்களும் தோள் கொடுத்தார்கள். பெரிய குடும்பம் சேர்ந்து நடத்தும் கடை மாதிரிதான் சாகர் ஆர்ட்ஸ் நடந்தது.

நடிகர் தேர்விலும் தொழிலறிந்தவரின் கண் தெரிகிறது. ராவணனாக வந்த அரவிந்த் திரிவேதி குஜராத்தி நாடக, சினிமா நடிகர். ஓடக்காரன் வேடம் கேட்டுத்தான் தேர்வுக்குப் போனதாக அவரே சொல்லியிருக்கிறார். அனுமனாக வந்த தாரா சிங், மல்யுத்த வீரர். 1976இல் ‘பஜ்ரங்பலி’ என்ற படத்திலேயே அனுமனாக நடித்தவர். தொடரில் நடித்தபோது அறுபதைத் தொட்டுக்கொண்டிருந்தார். அந்த வயதிலும் அவர் மலையைத் தூக்கினால் நம்ப முடிந்தது. இசை ரவீந்திர ஜெயின். பிறவியிலேயே கண் பார்வை இல்லாதவர். துளசிதாசரின் அடிகளையும் தானே எழுதிய வரிகளையும் மெட்டமைத்து, பல இடங்களில் தானே பாடினார். அந்தக் குரல்தான் தொடரின் உண்மையான சூத்திரதாரி என்று எனக்குத் தோன்றும்.

1987 ஜனவரி 25, ஞாயிறு. முதல் பகுதி ஒளிபரப்பானது.

நான் அப்போது கும்பகோணத்தில் ஆறாம் வகுப்பு. எங்கள் வீட்டில் டி.வி. இல்லை. எதிர் வீட்டில் சாலிடேர் பெட்டி. கூடத்தில் இருபது, இருபத்தைந்து பேர் உட்கார்ந்திருப்போம். அத்தனை பேரில் ஒருவருக்கும் இந்தி தெரியாது. கீழே தமிழ் எழுத்தும் ஓடாது. ஆனால் எங்கள் அப்பாயிக்கு ராமாயணம் தெரியும். எழுதப் படிக்கத் தெரியாதவர், ராமசாமி கோயிலில் உட்கார்ந்து கேட்ட காலட்சேபத்திலேயே முழுக் கதையும் மனப்பாடம். “அப்பாயி, இப்ப அவரு என்ன சொல்றாரு?” என்று யாராவது கேட்பார்கள். “ரெண்டு வரம் கேக்குறாடா அந்தக் கைகேயி. பாரு, கெழவன் மூஞ்சியப் பாரு” என்பார். திரையில் தசரதன் முகம். நிற்கும். மேலும் நிற்கும். பிறகு கைகேயி முகம். மறுபடி தசரதன். அதற்குள் அப்பாயி அந்த இரண்டு வரங்களும் எந்தப் போரில் கிடைத்தவை என்பதைச் சொல்லி முடித்துவிடுவார்.

அந்த இடைவெளி எதற்காக என்பது அப்போது எனக்குப் புரியவில்லை. ஆங்கிலப் பத்திரிகைகளின் விமர்சகர்களுக்கும் புரியவில்லை. நகராத கதை, ஒரே முகத்தை எத்தனை முறை காட்டுவது, ஜிகினா கிரீடம், அட்டை அரண்மனை என்று எழுதினார்கள். சினிமா அளவுகோலில் அது தவறே இல்லை. ஒரு பார்வைக்கு மூன்று நொடி போதும் என்ற இடத்தில் சாகர் முப்பது நொடி எடுத்துக்கொண்டார்தான்.

சில ஆண்டுகளுக்கு முன் மொத்தத் தொடரையும் மறுபடி உட்கார்ந்து பார்த்தேன். இப்போது இந்தியும் ஓரளவு தெரியும். தனியாக, கணினியில் பார்த்தபோது எனக்கும் பொறுமை போனது. பிறகுதான் உறைத்தது. இது தனியாகப் பார்ப்பதற்காக எடுத்ததே அல்ல. தெருவுக்கு ஒரு பெட்டி இருந்த காலம். கூடத்தில் குழந்தை அழும், கடைசியாக வந்தவருக்கு இடம் ஒதுக்க வேண்டும், வசனம் பாதி காதில் விழாது. படமும் சிறியது. பின்வரிசையில் இருப்பவருக்கும் ஒரு கணம் புரிய வேண்டுமென்றால் அந்தக் கணத்தை நீட்டத்தான் வேண்டும். நம் ஊர்க் காலட்சேபத்தில் பாகவதர் என்ன செய்கிறார்? “ராமன் காட்டுக்குப் போகிறான்” என்று சொல்லிவிட்டு நிறுத்துவார். ஒரு கீர்த்தனை பாடுவார். கௌசல்யையின் மனம் என்ன பாடுபட்டிருக்கும் என்பார். அடுத்து சுமித்திரை. அடுத்து ஊர்மிளை. கேட்பவருக்குக் கதை முன்பே தெரியும். என்ன நடக்கும் என்ற ஆவலோடு யாரும் வருவதில்லை. நடந்ததில் தானும் இருக்க வருகிறார்கள். வடநாட்டிலும் கதா சொல்லும் மரபும் ராம்லீலாவும் இதே வழியில் நடப்பவை. தொடரை இந்த மரபுகளின் தொடர்ச்சியாகப் படிக்க வேண்டும் என்று துளசி ராமாயண அறிஞரான பிலிப் லுட்ஜெண்டார்ஃப் என்ற அமெரிக்கர் 1990இலேயே எழுதினார். அந்தக் காலத்தில் வந்த விமர்சனங்களில் எனக்கு நியாயமாகத் தோன்றியது அதுதான்.

சாகரே திரையில் தோன்றிக் கை கூப்பிப் பேசியதும் இந்த வகைதான். இயக்குநர் எதற்குக் குறுக்கே வந்து நிற்கிறார் என்று கேட்டவர்கள் உண்டு. அவர் தன்னை இயக்குநராக நினைக்கவில்லை, பாகவதர் பீடத்தில் உட்கார்ந்தார். பஞ்சாபி வாடையடிக்கும் உச்சரிப்பில், அவசரமே இல்லாமல், இந்த இடத்தில் துளசிதாசர் இப்படிச் சொல்கிறார் என்பார். ஜெமினியில் கற்ற முகம் விட்டு முகம் தாவும் முறையும், பத்திரிகையில் கற்ற தொடர்கதை நாடியும், கேட்டு வளர்ந்த கதா மரபும் ஒன்றாகச் சேர்ந்தது அந்தத் தொடரில்தான்.

எந்த ராமாயணத்தை எடுத்தார் என்பது அடுத்த கேள்வி. வால்மீகியும் துளசிதாசரும் முதன்மை. அதோடு நிற்கவில்லை. கம்பன், கிருத்திவாசரின் வங்காள ராமாயணம், ஏக்நாதரின் மராத்தி, தெலுங்கு ரங்கநாத ராமாயணம், கன்னட ராமசந்திர சரித புராணம், மலையாள அத்யாத்ம ராமாயணம், சக்பஸ்தின் உருது ராமாயணம் என்று மூலங்களின் பட்டியலே நீளம். எல்லா மொழிக்காரருக்கும் இது நம்முடையது என்ற எண்ணம் வர வேண்டும் என்ற கணக்கு அதில் இருந்தது. பட்டியல் அளவுக்குக் காட்சிகளில் பன்மை தெரிகிறதா என்றால், இல்லை. ராமனும் சீதையும் மணத்துக்கு முன்பே ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வது வால்மீகியில் கிடையாது. கம்பனில் மிதிலைத் தெருவிலிருந்து கன்னிமாடத்துக்கு அந்தப் பார்வை போகிறது. துளசியில் பூந்தோட்டத்தில் நடக்கிறது. சாகர் காட்டியது பூந்தோட்டம். பல இடங்களில் இப்படித்தான், தடுமாற்றம் வரும்போது தராசு துளசி பக்கம் சாய்ந்தது.

வரலாற்றாசிரியர் ரொமிலா தாப்பர் 1989இல் இதையே கடுமையாகக் கேட்டார். எத்தனையோ ராமாயணங்கள் வாழும் நாட்டில் அரசுத் தொலைக்காட்சி ஒன்றைத் தேர்ந்து நாடு முழுவதற்குமாக நிறுத்தினால் மற்றவை என்ன ஆகும்? கம்பனைத் தாய்ப்பாலாகக் கொண்ட நமக்கு இந்தக் கேள்வி சுருக்கென்று தைக்க வேண்டும். தமிழ்நாட்டில் ஒரு தலைமுறைக்கே ராமன் என்றால் மனத்தில் வரும் முகம் அருண் கோவிலுடையதாகிப்போனது. என் மனத்திலும் அதுதான் வருகிறது. கம்பனைப் படிக்கும்போதுகூட அதைத் துடைத்தெடுக்கப் பெரும்பாடு படுகிறேன்.

அரசியலும் இங்கேதான் வருகிறது. அயோத்தியில் பாபர் மசூதியின் பூட்டுத் திறக்கப்பட்டது 1986 பிப்ரவரியில். தொடர் தொடங்கியது ஓராண்டு கழித்து. ரத யாத்திரை 1990இல். மசூதி இடிக்கப்பட்டது 1992இல். தொடர் வழங்கிய படிமங்களுக்கும் அந்த அலைக்கும் இருக்கும் உறவை ஊடக ஆய்வாளர் அர்விந்த் ராஜகோபால் ஒரு முழு நூலாகவே ஆராய்ந்திருக்கிறார். 1991 தேர்தலில் சீதையாக நடித்த தீபிகா பரோடாவிலிருந்தும், ராவணனாக நடித்த திரிவேதி சபர்கண்டாவிலிருந்தும் பாரதிய ஜனதா எம்.பி.க்கள் ஆனார்கள். அருண் கோவில் 2024இல் மீரட்டிலிருந்து போனார். அதே அருண் கோவில் 1988 அலகாபாத் இடைத்தேர்தலில் காங்கிரசுக்காகப் பிரசாரம் செய்தவர் என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். தொடருக்கு அனுமதி கொடுத்ததும் காங்கிரஸ் அரசுதான். ராமன் வேடத்தின் மீது எல்லோருக்கும் கண் இருந்தது. பிரிவினையின் ரத்தத்தைப் பார்த்து நாவல் எழுதிய மனிதர், தன் தொடரின் படிமங்கள் எங்கே போய்ச் சேர்கின்றன என்று பார்த்தபோது மனத்துக்குள் என்ன நினைத்திருப்பார் என்று நான் அடிக்கடி யோசிப்பதுண்டு. ஒரு கலைஞன் செய்த பொருள் அவன் கையை விட்டுப் போன பிறகு நடப்பதற்கெல்லாம் அவனைக் குற்றவாளியாக்க என் மனம் ஒப்பவில்லை. அதே சமயம் அவனுக்குச் சம்பந்தமே இல்லை என்றும் சொல்ல முடியவில்லை.

52 பகுதிகளுக்குத்தான் முதலில் ஒப்பந்தம். வரவேற்பைப் பார்த்து நீட்டி நீட்டி 78 ஆயிற்று. உச்சத்தில் 8 கோடி முதல் 10 கோடிப் பேர் பார்த்ததாக அன்றைய மதிப்பீடுகள் சொல்லின. பெட்டிக்கு மாலை போட்டார்கள், சாம்பிராணி காட்டினார்கள் என்பது எல்லோருக்கும் தெரிந்த செய்தி. எனக்கு அதைவிடச் சுவையானது ஓர் இயக்குநராக அவர் சீதையின் தீக்குளிப்பில் எடுத்த முடிவு. ராவணன் தூக்கிப்போனது நிழல் சீதையை, உண்மைச் சீதை அக்கினியிடம் பத்திரமாக இருந்தாள் என்பது அத்யாத்ம ராமாயணமும் துளசிதாசரும் சொல்லும் வழி. அதையே எடுத்துக்கொண்டார் சாகர். ஆனால் அதை உரிய இடத்தில், கடத்தலுக்கு முன்பே, சொல்லவில்லை. ஒளித்து வைத்தார். போர் முடிந்து, சீதை தீயில் இறங்க வேண்டும் என்று ராமன் சொன்னதும், லட்சுமணன் கொதித்து எழுகிறான். பார்ப்பவர் மனத்தில் எழும் அதே கோபம் அவன் வாயிலிருந்து வருகிறது. அப்போதுதான் ராமன் பழைய ரகசியத்தை உடைக்கிறான். திரை பின்னோக்கிப் போய்ப் பர்ணசாலையில் நடந்ததைக் காட்டுகிறது. தொடர்கதை எழுத்தாளரின் உத்தி இது. ராமனைக் காப்பாற்றிவிட்டார். லட்சுமணனின் கேள்வியை மட்டும் முழுதாகக் கேட்க விட்டார்.

1988 ஜூலை 31 அன்று பட்டாபிஷேகத்தோடு தொடர் முடிந்தது. அதற்கு மேல் உத்தர காண்டம்: ஊர் வாய்க்குப் பயந்து கர்ப்பிணி மனைவியைக் காட்டுக்கு அனுப்பும் ராமன். அதைத் தொடவேண்டாம் என்றுதான் சாகர் இருந்தார். நம் கம்பனும் முடி சூட்டுவதோடு நிறுத்திக்கொண்டவன்தான். தமிழில் உத்தர காண்டத்தை ஒட்டக்கூத்தர் பேரில்தான் சொல்கிறோம். அந்தக் கதையைத் தொடாமல் விடுவதில் சாகருக்கு நல்ல துணை இருந்தது.

விடாதவர்கள் யார் தெரியுமா? ஜலந்தர் முதலான வடநாட்டு நகரங்களின் துப்புரவுத் தொழிலாளர்கள். அவர்களில் பெரும்பாலோர் வால்மீகியைத் தம் குலகுருவாக, தெய்வமாக வழிபடும் சமூகத்தினர். உத்தர காண்டத்தில்தான் வால்மீகி கதைக்குள்ளேயே வருகிறார். கைவிடப்பட்ட சீதைக்கு ஆசிரமத்தில் இடம் கொடுக்கிறார். லவனையும் குசனையும் வளர்க்கிறார். அரசன் மகன்களுக்குக் கவிதையும் வில்லும் கற்றுத் தருகிறார். ராமனுக்கு முடி சூட்டியதோடு கதையை மூடினால் எங்கள் வால்மீகி எங்கே என்று கேட்டு, 1988இல் அவர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். குப்பை அள்ள ஆளில்லாமல் தெருக்கள் நாறின. ஒரு தொலைக்காட்சித் தொடர் மேலும் நீள வேண்டும் என்பதற்காகத் தொழிலாளர்கள் வேலையை நிறுத்தியது வேறெங்காவது நடந்திருக்கிறதா என்று எனக்குத் தெரியவில்லை. அரசு இறங்கி வந்தது. அந்த ஆண்டு அக்டோபரிலேயே ‘உத்தர ராமாயண்’ ஒளிபரப்பாகத் தொடங்கியது.

அதன் பிறகும் சாகர் ஓயவில்லை. தொண்ணூறுகளில் ‘ஸ்ரீ கிருஷ்ணா’வும் ‘அலிஃப் லைலா’வும் வந்தன. பாரசீகத்தில் தங்கப் பதக்கம் வாங்கியவர் அரபுக் கதைகளுக்குப் போனதில் எனக்கு வியப்பில்லை. 2000இல் பத்மஸ்ரீ. 2005 டிசம்பர் 12 அன்று, எண்பத்தேழு வயதில் காலமானார். 2020இல் ஊரடங்கு வந்ததும், மார்ச் 28 முதல் தூர்தர்ஷன் ‘ராமாயண்’ தொடரை மறுபடி போட்டது. ஏப்ரல் 16 அன்று மட்டும் 7.7 கோடிப் பேர் பார்த்ததாகவும் உலக சாதனை என்றும் அறிவித்தார்கள். அமெரிக்காவில் 1983இல் ‘மாஷ்’ தொடரின் கடைசிப் பகுதியைப் பார்த்தவர்கள் 10 கோடிக்கும் மேல் என்பதால் அந்தச் சாதனைப் பேச்சு நிற்கவில்லை. ஆனால் முப்பத்து மூன்று ஆண்டுகள் பழைய தொடரின் மறு ஒளிபரப்புக்கு அந்த எண்ணிக்கை குறைவானது அல்ல. வீட்டுக்குள் அடைபட்டு, மூன்று தலைமுறையும் ஒரே பெட்டி முன் மறுபடி ஒன்றாக உட்கார்ந்த நாட்கள் அவை.

‘உத்தர ராமாயண்’ எடுக்கப் போனபோது சாகருக்கு எழுபது கடந்துவிட்டது. மனைவியைச் சந்தேகிக்கும் கணவன் கதையை வாசனுக்காக எடுத்துக் கால் நூற்றாண்டு ஆகியிருந்தது. இந்த முறை அந்தக் கணவன் ராமன், ஒளித்து வைக்க நிழல் சீதையும் இல்லை. வேண்டாம் என்று அவர் மூடி வைத்த அந்தக் கதையை, துடைப்பத்தைக் கீழே வைத்துவிட்டுக் காத்திருந்த மனிதர்கள் எடுக்க வைத்தார்கள். அவர்கள் கேட்டபடியே திரையில் வால்மீகியின் ஆசிரமக் கதவு திறந்தது.